எதிர்ப்பட்டகத்தில் குடியிருப்பவன் சம்பந்திக்கு எழுதுவது

மதிப்பிற்குரிய சம்பந்தி அவர்களுக்கு,

வணக்கம். தாங்களும் சம்பந்தியம்மாவும் எல்லா நலனும் பெற்றிருக்க வேண்டுகிறேன். இங்கே நானும் என் மனைவியும் நலம். கடிதத்தை அப்படித்தான் தொடங்க வேண்டும் என்பதால் எழுதுகிறேன். நெற்றியின் வலப்பக்கம் எலுமிச்சை அளவில் ஒரு வீக்கமும், இடப்பக்கம் அதைவிடச் சற்றே சிறிய பழைய வீக்கம் ஒன்றும் இருப்பதைத் தனியாகத் தெரிவித்துக்கொள்கிறேன். அவை வந்த விதத்தைச் சொல்லத்தான் இந்தக் கடிதம். தங்கள் மூட்டு வலி இப்போது தேவலாமா? படிக்கட்டு ஏறாமல் இருப்பது நல்லது. குறிப்பாக எங்கள் வீட்டுப் படிக்கட்டு.

எழுதலாமா வேண்டாமா என்று நான்கு நாள் யோசித்தேன். பெண்ணைக் கொடுத்த இடம். மாப்பிள்ளையைப் பற்றி அவருடைய தகப்பனாருக்கே எழுதுவது எவ்வளவு பெரிய அசட்டுத்தனம் என்று எனக்குத் தெரியாமல் இல்லை. ஆனால் கேட்கக்கூடிய ஒரே ஆள் நீங்கள்தான். உங்களுக்குத் தெரியும், நான் படங்களுக்குச் சட்டம் போடுகிறவன். கடைக்குப் பின்னால் இரண்டு அறையில்தான் இத்தனை காலமும் குடும்பம் நடத்தினேன். போன வருடம் மாப்பிள்ளை வந்து, “மாமா, கடைக்கு மேல உங்களுக்கும் அத்தைக்கும் ஒரு வீடு கட்டித் தர்றேன், என் கையால வரைஞ்சு” என்று சொன்னபோது என் கண் கலங்கியது உண்மை. எந்த மாப்பிள்ளை இப்படிச் சொல்வார்? அந்தச் சமயம் பார்த்து என் மருமகளுக்குப் பிரசவ நேரம் வந்தது. மகன் வெளிநாட்டில். நாங்கள் இருவரும் ஐந்து மாதத்துக்கு அங்கே போகவேண்டியிருந்தது. கிளம்புகிற அவசரத்தில் மாப்பிள்ளை ஒரு தாளை நீட்டினார். “மேல்தளம் எதிர்ப்பட்டக வடிவில் அமையும்” என்று அதில் எழுதியிருந்தது. படித்தேன். படிக்காமல் கையெழுத்துப் போடுகிறவன் இல்லை நான்.

என்ன படித்தேன் என்பதுதான் கேள்வி. வாழ்த்து மடல்களுக்கும் பாராட்டுப் பத்திரங்களுக்கும் சட்டம் போட்டுப் போட்டு எனக்குப் பழைய தமிழ் கொஞ்சம் பழக்கம். எதிர்ப்பட்ட, அகம். அதாவது வழியில் எதிர்ப்பட்ட வீடு. தேடி அலையாமல், தானாக நம் எதிரே வந்து நின்ற இல்லம். ஆகா, மாப்பிள்ளைக்குத்தான் எவ்வளவு நயமான தமிழ் என்று வியந்து, பேனா மூடியைக்கூடச் சரியாகக் கழற்றாமல் கையெழுத்துப் போட்டேன். விமானத்தில் பக்கத்து இருக்கைக்காரரிடமும் அந்தச் சொல்லைச் சொல்லி விளக்கினேன். அவரும் ரசித்தார்.

திரும்பி வந்த அன்று மதியம் இரண்டு மணி இருக்கும். வாடகை வண்டி எங்கள் தெருவுக்குள் திரும்பியது. நான் இறங்கவில்லை. ஓட்டுநர்தான் முதலில் இறங்கினார். இடுப்பில் கை வைத்து, தலையை ஒரு பக்கம் சாய்த்துப் பார்த்தார். பிறகு மறுபக்கம் சாய்த்துப் பார்த்தார். “நீங்க இல்லாதப்ப நிலநடுக்கம் ஏதாவது வந்துச்சா சார்?” என்று கேட்டார். என் மனைவி ஒன்றும் சொல்லாமல் கைப்பையை எடுத்துக்கொண்டு விறுவிறுவென்று மாடிக்குப் போய்விட்டாள். பாவம், அதிர்ச்சியில் வாயடைத்துப் போய்விட்டாள் என்று நினைத்துக்கொண்டேன்.

சம்பந்தி, நீங்கள் இன்னும் நேரில் பார்க்கவில்லை. அதனால் சொல்கிறேன். கீழே என் கடை சதுரம். அதன் மேல் மாடியின் தரையும் சதுரம், இருபத்துநான்கு அடி. கூரையும் சதுரம், அதே இருபத்துநான்கு அடி. அளவில் ஒரு விரற்கடைகூடக் குறையில்லை. அதை நானே நாடா வைத்து அளந்தேன். ஆனால் தரை ஒரு பக்கம் பார்க்கிறது, கூரை வேறு பக்கம் பார்க்கிறது. தரைக்கு மூலை இருக்கும் இடத்தில் கூரைக்கு மூலை இல்லை. கூரைக்கு மூலை இருக்கும் இடத்தில் தரையே இல்லை, காற்றுதான். தெருப்பக்கம் ஐந்தடி நீட்டிக்கொண்டு நிற்கிறது. யாரோ கூரையைப் பாட்டில் மூடி என்று நினைத்துத் திறக்கப் பார்த்து, பாதியில் கை வலித்து விட்டுவிட்டுப் போனதுபோல இருக்கிறது. நடுவில் சுவர் என்று சொல்லும்படி ஒன்றும் கிடையாது. எட்டு முக்கோணங்கள், ஒவ்வொன்றிலும் ஒரு ஜன்னல். நான்கு நிமிர்ந்து நிற்கின்றன, நான்கு தலைகீழாக நிற்கின்றன. நிமிர்ந்தவை வெளிப்பக்கம் சாய்ந்திருக்கின்றன. தலைகீழானவை உள்பக்கம் நம் தலைக்கு மேல் கவிழ்ந்திருக்கின்றன. மூலையில் ஏதாவது விழுந்து அதை எடுக்கக் குனிகிறோம் என்று வையுங்கள், குனியும்போது ஒன்றும் ஆகாது. நிமிரும்போதுதான் வலப்பக்க வீக்கம். இடப்பக்கத்துப் பழையதும் முதல் வாரம் இப்படி வந்ததுதான்.

எத்தனை பாகை திருகியிருக்கிறது என்று அளந்து பார்த்தேன். நாற்பத்தைந்து. அன்றைக்கு எனக்குச் சோறு இறங்கவில்லை. நாற்பத்தைந்து பாகை என்பது என் பிழைப்பு. சட்டத்தின் முனையை நாற்பத்தைந்தில் அறுத்து, அதை இன்னொரு நாற்பத்தைந்தோடு சேர்த்துத் தொண்ணூறாக்கி, மூலைமட்டத்தை வைத்துப் பார்த்து, ஒரு மயிரிழை வெளிச்சம் தெரிந்தாலும் பிரித்துப் போட்டு மறுபடியும் அறுக்கிறவன் நான். இங்கே ஒரே ஒரு நாற்பத்தைந்து தன்னந்தனியாக நிற்கிறது. சேர்ந்து தொண்ணூறாக அதற்கு இன்னொன்று இல்லை.

பீரோ கதைக்கு வருகிறேன். நாலு பேர் சேர்ந்து அதை மாடிக்கு ஏற்றினார்கள். ஏற்றிவிட்டு “எங்க வைக்கணும்?” என்றார்கள். மூலையில் வைத்தால் மேற்பாகம் சுவரில் இடிக்கிறது, கீழ்ப்பாகம் சுவரை விட்டு இரண்டடி தள்ளி நிற்கிறது. வெளிப்பக்கம் சாய்ந்த சுவரோடு வைத்தால் கீழே ஒட்டுகிறது, மேலே பின்னால் ஓர் ஆள் படுத்துத் தூங்கும் அளவுக்கு இடைவெளி. வீட்டிலேயே நேரான சுவர் குளியலறைக்கு மட்டும்தான். அதையொட்டி வைத்தால் குளியலறைக் கதவு திறக்காது. நாலு பேரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். அவர்களில் மூத்தவர், “சார், நாங்க இதை இங்கயே வச்சிட்டுப் போறோம். வீடு சரியானதும் கூப்பிடுங்க, வந்து தள்ளி வைக்கிறோம்” என்று சொல்லிவிட்டு இறங்கிவிட்டார். அன்றிலிருந்து அது கூடத்தின் நட்டநடுவில், உட்காரச் சொல்லாத விருந்தாளி மாதிரி நிற்கிறது.

என் தகப்பனார் படத்தை மாட்டப் போனேன். தேக்குச் சட்டம், என் முதல் வேலை. வெளிப்பக்கம் சாய்ந்த சுவரில் மாட்டினால் சாய்வு நாற்காலியில் மல்லாந்து படுத்தவர் மாதிரி விட்டத்தைப் பார்க்கிறார். உள்பக்கம் கவிழ்ந்த சுவரில் மாட்டினால் சுவரைத் தொடாமல் ஆணியில் தொங்குகிறார். மின்விசிறியைப் போட்டால் முன்னும் பின்னும் ஆடுகிறார். “மாமா நம்ம சாப்பிடறதை எட்டி எட்டிப் பாக்கற மாதிரியே இருக்குங்க” என்றாள் என் மனைவி. குளியலறைச் சுவர் நேரானதுதானே என்று நான் சொன்னதற்கு அவள் பார்த்த பார்வையை இங்கே எழுத முடியாது. கடைசியில் படத்தைப் பீரோவின் மேல் படுக்க வைத்திருக்கிறேன்.

இதையெல்லாம் மாப்பிள்ளையிடம் நேராகச் சொல்லியிருக்கலாமே என்று நீங்கள் கேட்பீர்கள். என் தவறு அங்கேதான் இருக்கிறது. வந்த அன்று மாலை அவரும் மகளும் வந்தார்கள். மாப்பிள்ளை படியேறும்போதே என் முகத்தைப் பார்த்துக்கொண்டே வந்தார். தேர்வு முடிவுக்குக் காத்திருக்கும் பிள்ளை முகம் அது. “எப்படி மாமா இருக்கு?” என்றார். என் வாய் “அருமை” என்று சொல்லிவிட்டது. நான் சொல்லவில்லை, என் வாய் சொன்னது. அவருக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. மறு சனிக்கிழமையே அலுவலகத்திலிருந்து ஆறு பேரை அழைத்து வந்துவிட்டார். அடுத்த சனிக்கிழமை பதினொரு பேர். எல்லோரும் செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே வந்து, கழுத்தை வளைத்து மேலே பார்த்து, கையால் சுவரைத் தடவி, பீரோவைச் சுற்றிக்கொண்டு போய், “குடியிருக்க எப்படி இருக்கு ஐயா?” என்று என்னைக் கேட்பார்கள். நான் “அருமை” என்பேன். இப்படி நாலு சனிக்கிழமை. என் ஆயுளில் அவ்வளவு பொய் ஒரே வீட்டில் நின்று சொன்னதில்லை.

இதற்கு நடுவில் தெரு சும்மா இருக்குமா? தபால்காரர் என்னைத் “திருகு வீட்டு ஐயா” என்று கூப்பிட ஆரம்பித்தார். அதைக்கூடப் பொறுத்துக்கொண்டேன். பதினாறு வருடமாக என்னிடமே எல்லாப் படத்தையும் சட்டம் போடக் கொடுக்கிற ஸ்டுடியோக்காரர் வந்து, கடை வாசலில் நின்று மாடியை ஒரு முறை, என்னை ஒரு முறை பார்த்தார். “தப்பா எடுத்துக்காதீங்க. நான் நம்பறேன். ஆனா வாடிக்கையாளருங்க கேக்கறாங்க, இவரு வீடே இப்படி இருக்கே, இவரு போடற சட்டம் நேரா இருக்குமான்னு” என்றார். அந்த மாதத்துப் படங்கள் வேறு கடைக்குப் போய்விட்டன. சம்பந்தி, என்னைக் கஞ்சன் என்று சொல்லியிருக்கிறார்கள், முன்கோபி என்று சொல்லியிருக்கிறார்கள். என் சட்டம் நேராக இருக்குமா என்று யாரும் கேட்டதில்லை.

போன வாரம் பள்ளிக்கூடத்துக் கணக்கு டீச்சர் சான்றிதழ்களை வாங்கிப்போக வந்தார். போகிறபோது, “ஐயா, உங்க மாடி எதிர்ப்பட்டகம்தானே?” என்று ஆசையாகக் கேட்டார். “ஆமாம்மா, வழியில எதிர்ப்பட்டதுதான்” என்றேன். அவருக்குப் புரியவில்லை. எனக்கும் அவருக்குப் புரியவில்லை என்பது புரியவில்லை. இரண்டு நிமிடம் இருவரும் வேறு வேறு வீட்டைப் பற்றிப் பேசிய பிறகு அவர் என் மேஜையிலிருந்து இரண்டு சதுர அட்டைகளை எடுத்தார். “இது தரை, இது கூரை. அப்படியே நேரா மேல தூக்கினா அது பட்டகம். சாதாரணப் பெட்டி மாதிரி. தூக்கும்போதே தலையைப் பிடிச்சு, ஒரு மூலை அடுத்த மூலைக்குப் போற தூரத்துல பாதி திருகிட்டா அதுதான் எதிர்ப்பட்டகம். சதுரம்னா நாற்பத்தஞ்சு பாகை. அறுகோணம்னா முப்பதே போதும். பக்கத்துல எல்லாம் முக்கோணம் வந்துடும், ஒண்ணு நிமிர்ந்து, ஒண்ணு கவிழ்ந்து, மாறி மாறி” என்றார். பையிலிருந்த கலைச்சொல் அகராதியையும் எடுத்துக் காட்டினார். பட்டகத்துக்குப் பக்கத்திலேயே இருக்கிறது. இணையான, சமமான இரண்டு பலகோணங்களில் ஒன்றைத் திருகி வைத்து முக்கோணங்களால் இணைத்த திண்மம். அகமும் இல்லை, எதிர்ப்பட்டதும் இல்லை. நான் இத்தனை நாள் ரசித்த தமிழ் எங்குமே இல்லை. ஐந்து மாதம் வெளிநாட்டில் எத்தனை பேரிடம் அந்த விளக்கத்தைச் சொன்னேன் என்று எண்ணிப் பார்த்தேன். காது இரண்டும் சுட்டது.

“ஆக மொத்தம் கோணல்தானே அம்மா?” என்றேன்.

“கோணல்னு சொல்லக்கூடாதுங்க ஐயா. கோணல்னா கணக்கில்லாதது. இது கணக்குப்படி திருகினது” என்றார் அவர்.

அந்த நிமிடத்தில் எனக்குள் ஏதோ உடைந்துவிட்டது. ஒரு மாதமாகச் சொன்ன “அருமை” எல்லாவற்றுக்கும் சேர்த்துக் கணக்குத் தீர்த்தேன். “கணக்குப்படி திருகினா மண்டை வீங்காதா அம்மா? மூளை இருக்கிற எவனாவது மனுஷன் குடியிருக்கிற இடத்தை இப்படிக் கட்டுவானா? வேலையத்தவன் எவனோ கட்டினதுன்னுதான் கடைக்கு வர்றவங்க எல்லார்கிட்டயும் சொல்லிக்கிட்டிருக்கேன்” என்றேன். சத்தமாகவே சொன்னேன். டீச்சரின் முகம் வெளுத்தது. அவர் என்னைப் பார்க்கவில்லை, எனக்குப் பின்னால் பார்த்தார்.

மாப்பிள்ளை வாசலில் நின்றுகொண்டிருந்தார். கையில் செய்தித்தாளில் சுற்றிய ஒரு பொட்டலம். அவர் ஒன்றும் கேட்காதவர் மாதிரி உள்ளே வந்து அதை மேஜையில் வைத்தார். “தாத்தா படத்துக்கு மாமா. இரும்புல ஒரு தாங்கி செய்யச் சொன்னேன். சுவர் சாய்வுக்குத் தகுந்த மாதிரி வளைச்சிருக்கு. பின்னால வச்சா படம் நேரா நிக்கும்” என்றார். குரலில் ஒரு குறையும் இல்லை, அதுதான் தாங்க முடியவில்லை. “தண்ணி குடிச்சிட்டுப் போங்க மாப்பிள்ளை” என்றேன். “இல்ல மாமா, வர்றேன்” என்று சொல்லிவிட்டுப் போனார். மாடிக்குக்கூட ஏறவில்லை.

இன்றோடு எட்டு நாள். சனிக்கிழமை யாரும் வரவில்லை. மகளுக்குப் போன் செய்தால், “அவருக்கு வேலை இருக்குப்பா” என்கிறாள். அவள் சின்ன வயதில் மார்க்கு குறைந்தபோது “தலை வலிக்குதுப்பா” என்று சொல்வாளே, அதே குரல். “அம்மா கிட்டக் குடு” என்கிறாள். கொடுத்தால் இவள் போனை எடுத்துக்கொண்டு குளியலறைப் பக்கம் போய்விடுகிறாள். என் மனைவியும் என்னிடம் அளந்துதான் பேசுகிறாள். நேற்று, “ஏன் இப்படி எதிர்ப்பட்டகமா முகத்தை வச்சிட்டிருக்கீங்க?” என்றாள். அந்தச் சொல் வீட்டுப் புழக்கத்துக்கும் வந்துவிட்டது.

ஆகவே சம்பந்தி, உங்களிடம் நான் வேண்டுவது இதுதான். நான் சொன்ன வார்த்தை தவறு, அதை மாப்பிள்ளையிடம் நீங்கள் பக்குவமாகச் சொல்ல வேண்டும். ஆனால் வீடு தவறு, அதையும் பக்குவமாகச் சொல்ல வேண்டும். கூரையை நாற்பத்தைந்து பாகை திருப்பி வைத்தால் போதும், வேறொன்றும் நான் கேட்கவில்லை. அது முடியாதென்றால் உள்ளேயாவது நான்கு நேரான சுவர் எழுப்பித் தரட்டும். வெளியே எப்படி வேண்டுமானாலும் இருந்துவிட்டுப் போகட்டும். என் மனைவி வாய் திறந்து சொல்லமாட்டாள். மாப்பிள்ளை மனம் நோகக்கூடாது என்று எல்லாவற்றையும் பல்லைக் கடித்துக்கொண்டு பொறுத்துக்கொண்டிருக்கிறாள். அந்தத் தலைகீழ் முக்கோண ஜன்னல் பக்கத்திலேயே ஒரு நாற்காலியைப் போட்டுக்கொண்டு மணிக்கணக்காகப் பேசாமல் உட்கார்ந்திருக்கிறாள். எனக்காக இல்லாவிட்டாலும் அவளுக்காகச் செய்யுங்கள்.

சம்பந்தியம்மாவுக்கு என் வணக்கத்தைச் சொல்லவும். நம் பிள்ளைகள் இருவரும் நீண்ட காலம் ஒருவருக்கொருவர் அனுசரித்து, மனக்குறை இல்லாமல் வாழ நாம் நால்வரும் வாழ்த்துவோம். தங்கள் மூட்டு விரைவில் குணமாகட்டும்.

இப்படிக்கு,
தங்கள் அன்புள்ள சம்பந்தி

பின்குறிப்பு: என் கடிதங்களில் ஒற்றுப்பிழை பார்ப்பது என் மனைவிதான். உறையில் போடுவதற்கு முன் வழக்கம்போல அவளிடம் கொடுத்தேன். ஜன்னலருகே உட்கார்ந்து முழுவதும் படித்தாள். இரண்டு இடத்தில் ‘ப்’ சேர்த்தாள். பிறகு, “இதை அனுப்பப் போறீங்களா?” என்றாள்.

“ஆமா. உனக்காகத்தானே எழுதியிருக்கேன்” என்றேன்.

“எனக்காகன்னா அனுப்பாதீங்க. இது நான் கேட்டு வாங்கினது.”

எனக்கு விளங்கவில்லை. அவள் நிதானமாகச் சொன்னாள். மாப்பிள்ளை முதலில் அட்டையில் மூன்று மாதிரி செய்துகொண்டு வந்தாராம். நான் கடையில் அறுத்துக்கொண்டிருந்தேனாம். ஒன்று தீப்பெட்டி மாதிரி, ஒன்று சரிவான கூரை வைத்தது, மூன்றாவது இது. “பாத்ததும் இதுதான்னேன். மாமா ஒத்துக்க மாட்டாரு அத்தைன்னாரு. நான் அவர்கிட்டப் பேசிக்கிறேன்னேன்.”

“என்கிட்ட எதுவும் பேசலையே.”

“பேசியிருந்தா கையெழுத்துப் போட்டிருப்பீங்களா? அதனாலதான் தாள்ல புரியற மாதிரி எழுதாதீங்கன்னு நானே அவர்கிட்டச் சொன்னேன்.”

நான் சுவரில் சாய்ந்துகொள்ளப் போனேன். இந்த வீட்டில் அது நடக்காது. பீரோவைப் பிடித்துக்கொண்டேன்.

“கடைக்குப் பின்னால முப்பத்தொரு வருஷம் இருந்தேன்” என்றாள். “ரெண்டு அறை, ஒரு ஜன்னல். அதைத் திறந்தா பக்கத்துக் கட்டடத்துச் சுவர். இங்க எட்டு ஜன்னல். காலைல ஒண்ணுல வெயில் வருது, அப்புறம் அடுத்ததுக்குப் போகுது, சாயந்தரம் வரைக்கும் சுத்தி வருது. நான் கூடவே நாற்காலியை நகர்த்திக்கிட்டுப் போறேன். நீங்க கீழ வேலையா இருக்கீங்க, உங்களுக்கு எங்க தெரியும்?”

“மாப்பிள்ளை இதை என்கிட்டச் சொல்லியிருக்கலாமே. அவ்வளவு பேச்சுக் கேட்டாரே அன்னிக்கு.”

“நான்தான் சொல்லக்கூடாதுன்னு சொல்லியிருந்தேன், அதனால சொல்லலை. இப்பவும் சொல்லமாட்டாரு. உங்க பொண்ணுகிட்டக்கூட இன்னிக்கு வரைக்கும் சொல்லலையாம். நேத்துத்தான் நானே அவகிட்டச் சொன்னேன்.”

எனவே சம்பந்தி, மேலே எழுதிய எதையும் தாங்கள் பொருட்படுத்த வேண்டாம். கூரை இருக்கிறபடியே இருக்கட்டும். இந்தக் கடிதத்தைக் கிழித்துப் போடுகிறேன் என்றுதான் சொன்னேன். அவள் விடவில்லை. “திட்டினதும் போகட்டும், திட்டினது தப்புன்னு எழுதினதும் போகட்டும். ரெண்டும் ஒரே உறையில போகட்டும்” என்று சொல்லிவிட்டாள். ஞாயிற்றுக்கிழமை மாப்பிள்ளையைக் கட்டாயம் சாப்பிட வரச் சொல்லுங்கள். அவர் வராவிட்டால் நானே அங்கே வருவேன், வாசலில் நின்று கேட்க வேண்டியதைக் கேட்பேன். அவர் மன்னித்தாலும் மன்னிக்காவிட்டாலும் அவர் நல்ல பிள்ளை. அப்படி ஒரு பிள்ளையை வளர்த்த உங்களுக்கும் சேர்த்து என் வணக்கம்.

இன்னொன்று. நான் இதை எழுதிக்கொண்டிருக்கும்போதே என் மனைவி போனில் சம்பந்தியம்மாவோடு பேசிக்கொண்டிருக்கிறாள். அரை மணி நேரமாகிறது, இரண்டு பேரும் சிரிக்கிறார்கள். நான் ஒட்டுக்கேட்கவில்லை. “உங்க மாடியும் சும்மாத்தானே கிடக்கு?” என்பது மட்டும் காதில் விழுந்தது.